வ. சுப்பையாவின் பொது வாழ்வும் சங்க அங்கத்தினர் அறியவேண்டிய பாடமும்

(சாரத்தில் கூட்டுறவுச் சங்க அங்கத்தினர்களின் கூட்டத்தில் நிகழ்த்திய பிரசங்கம்)



இத்தகைய கூட்டங்களில் உரத்தைப் பற்றியும், பொறுக்கு விதையைப் பற்றியும், கடன் தவணையைப் பற்றியும், பால் சேகரிப்பைப் பற்றியும் பேசுவதே வழக்கம். இன்று அவ்வழக்கத்திலிருந்து சற்று விலகி, சட்டசபை அங்கத்தினர் ஒருவருடைய வாழ்க்கையைப் பற்றிச் சில வார்த்தைகள் சொல்ல முன்வந்திருக்கிறேன். சட்டசபைக்கும் நமது சங்கத்துக்கும் என்ன சம்பந்தம் என்று உங்களில் சிலர் நினைக்கக்கூடும். சம்பந்தம் மிக நெருங்கியது. சட்டசபை என்பது ஒரு பெரிய சங்கம். சங்கம் என்பது ஒரு சிறிய சட்டசபை. ஒரு பங்கு வைத்திருப்பவருக்கும் ஐம்பது பங்கு வைத்திருப்பவருக்கும் நமது மகாசபையில் ஒரே வாக்குத்தான் உண்டு. நாட்டின் தேர்தலிலும் குடிசைவாசிக்கும் மாளிகைவாசிக்கும் ஒரே வாக்குத்தான். இந்தச் சமத்துவம் தானாக வந்ததன்று. இதை நமக்குத் தேடித் தந்தவர்கள் இருந்தார்கள். அவர்களுள் புதுவையில் முக்கியமானவர் வ. சுப்பையா அவர்கள்.

அவர் எந்தக் கட்சியைச் சார்ந்தவர், அக்கட்சியின் கொள்கை சரியா தவறா என்பதை ஆராய்வது இக்கூட்டத்தின் நோக்கமன்று. சங்கங்கள் கட்சி வேற்றுமைக்கு இடங்கொடுத்தால் விரைவில் சீர்கெடும் என்பது நீங்கள் அறிந்ததே. ஒரு மனிதர் மற்ற மனிதரைச் சேர்த்து ஒரு காரியத்தை எவ்வாறு நிறைவேற்றினார், அதற்கு என்ன விலை கொடுத்தார் என்பதை மட்டும் நாம் கவனிப்போம்.

இளமை

சுப்பையா 1911-ம் வருஷம் பிப்ரவரி மாதம் 7-ந் தேதி புதுச்சேரியில் பிறந்தார். அக்காலத்தில் புதுவை பிரெஞ்சு ஆட்சிக்கு உட்பட்டிருந்தது. படிக்கும் பருவத்திலேயே பொதுக் காரியங்களில் அவருக்கு நாட்டம் பிறந்தது. 1934-ம் வருஷம் பிப்ரவரி 17-ந் தேதி காந்தியடிகள் தமது ஹரிஜன யாத்திரையின் நடுவே புதுவைக்கு வந்தார். தீண்டாமை ஒழிப்பு வேலையில் ஈடுபட்டு, அந்த வருகைக்காக உழைத்த வாலிபர்களில் சுப்பையாவும் ஒருவர். அதே வருஷம் ஜூன் மாதத்தில் அவர் 'சுதந்திரம்' என்னும் பத்திரிகையைத் தொடங்கினார். அப்போது அவருக்கு வயது இருபத்துமூன்று.

அவர் எடுத்துக்கொண்ட வேலையின் வரிசையைக் கவனியுங்கள். முதலாவது, சேரியில் வாழும் மக்களுக்குச் சேவை, இரண்டாவது, எழுதிப் பரப்புவதற்கு ஒரு பத்திரிகை, மூன்றாவதாகத்தான் சங்கம். மக்களோடு பழகி, அவர்கள் குறையை அறிந்து, அதை எழுத்தில் வடித்த பிறகே அவர் அவர்களைச் சங்கமாகச் சேர்க்கத் தலைப்பட்டார். பலகையை மாட்டிவிட்டு அங்கத்தினரைத் தேடும் சங்கங்கள் நம் நாட்டில் அநேகம். அவை நீடிப்பதில்லை.

ஆலைத் தொழிலாளியின் நிலை

புதுவை நகரை அடுத்து மூன்று பெரிய பஞ்சாலைகள் இருந்தன. சவானா ஆலை, ரோடியர் ஆலை, கெப்ளே ஆலை என்று அவற்றை அழைத்தார்கள். பிற்காலத்தில் சவானா ஆலை சுதேசி ஆலை என்றும், கெப்ளே ஆலை பாரதி ஆலை என்றும், ரோடியர் ஆலை ஏ.எப்.டி. என்றும் பெயர் பெற்றன. 'கினி' என்று வழங்கிய புதுவை நீலத்துணி, கடல் கடந்து ஆப்பிரிக்காவிலுள்ள செனகல் நாடு வரையில் சென்று விலைப்பட்ட பெருமை உடையது. சுற்றுப்புறத்துக் கிராமங்களிலிருந்து ஆடவரும் பெண்டிரும் விடியுமுன் புறப்பட்டு, கால்நடையாக ஆலைக்குச் சென்று, இருட்டிய பின் திரும்புவார்கள். நிலத்தில் ஒரு போகம் பொய்த்தால் ஆலைக் கூலியே குடும்பத்தைக் காத்தது. ஆகையால் ஆலைத் தொழிலாளியின் கதை குடியானவனுடைய கதையினின்றும் வேறானதன்று. ஒரே வீட்டில் அண்ணன் ஏர் பிடிக்க, தம்பி தறி பிடித்தான்.

அத்தொழிலாளிகளுக்கு வேலை நேரம் நீண்டது, கூலி குறுகியது. இவ்விரண்டையும்விடப் பெரிய குறை ஒன்று இருந்தது. தங்கள் குறையைச் சொல்லிக்கொள்ளச் சங்கம் சேர்க்கும் உரிமை அவர்களுக்குச் சட்டப்படி இல்லை. பிரான்சு தேசத்தில் 1884-ம் வருஷத்திலேயே தொழிற்சங்கச் சட்டம் ஏற்பட்டிருந்தது. நமக்கு அண்டையிலுள்ள கடலூரும் விழுப்புரமும் சேர்ந்திருந்த ஆங்கில இந்தியாவில் 1926-ம் வருஷத்தில் அத்தகைய சட்டம் வந்தது. இடையில் அகப்பட்ட புதுவைத் தொழிலாளிக்கு இரண்டு சட்டமும் எட்டவில்லை. தனி மனிதனாகச் சென்று முறையிட்டால் மறுநாள் அவனுக்கு வேலை இராது. பலராகச் சென்று முறையிட்டால் அது குற்றம்.

இவ்விடத்தில் நமது கூட்டுறவு இயக்கத்தின் வரலாற்றையும் நினைத்துப் பாருங்கள். சென்னை மாகாணத்தில் குடியானவர்கள் வட்டிக்கடையில் அகப்பட்டுத் தவிப்பதைக் கண்ட சர்க்கார், பிரெடரிக் நிக்கல்சன் என்னும் உத்தியோகஸ்தரை விசாரணைக்கு நியமித்தார்கள். அவர் ஐரோப்பாவிலுள்ள நாணய சங்கங்களை ஆராய்ந்து 1895-லும் 1897-லும் இரண்டு பாகமாக அறிக்கை கொடுத்தார். அதன் பயனாக 1904-ல் ஐக்கிய நாணய சங்கச் சட்டம் பிறந்தது. திருவள்ளூருக்கு அருகிலுள்ள திரூரில் அவ்வருஷமே சங்கம் ஏற்பட்டது. குடியானவர்களாகிய நமக்குச் சங்கம் வைக்கும் உரிமை காகிதத்தின் மூலம், ஒருவர் உதிரமும் சிந்தாமல், கிடைத்தது. ஆலைத் தொழிலாளிக்கு அது அவ்வாறு கிடைக்கவில்லை.

1936 ஜூலை 30

1935-ம் வருஷம் முதல் ஆலைகளில் வேலைநிறுத்தங்கள் தோன்றின. சுப்பையாவும் அவருடைய தோழர்களும் தொழிலாளிகளைச் சேர்த்து, கோரிக்கைகளை வரிசைப்படுத்தினார்கள். நாளொன்றுக்கு எட்டு மணி நேர வேலை, கூலி உயர்வு, சங்கம் சேர்க்கும் உரிமை ஆகியவை அவற்றுள் முக்கியமானவை. எட்டு மணி நேர வேலை என்பது எவரும் கேளாத விசித்திரமான கோரிக்கையன்று. சர்வதேசத் தொழிலாளர் ஸ்தாபனம் 1919-ம் வருஷத்தில் செய்த முதல் ஒப்பந்தமே அதைப் பற்றியதுதான்.

1936-ம் வருஷம் ஜூலை மாதத்தில் தொழிலாளிகள் ஆலைக்குள்ளேயே தங்கி வேலைநிறுத்தம் செய்தார்கள். அம்மாதம் 30-ந் தேதியன்று அதிகாரிகள் அவர்கள்மீது துப்பாக்கிப் பிரயோகம் செய்வித்தனர். பன்னிரண்டு தொழிலாளிகள் மாண்டனர், பலர் காயமுற்றனர். காலையில் கஞ்சி குடித்துவிட்டுப் போனவர்கள் மாலையில் வீடு திரும்பவில்லை. அந்நாளைப் புதுவைத் தொழிலாளர்கள் ஆண்டுதோறும் தியாகிகள் தினமாக அனுஷ்டித்து வருகிறார்கள்.

இவ்வளவு பெரிய துயரம் நேர்ந்தபின் இரண்டு வழிகளே வழக்கமாகக் காணப்படுவன. ஒன்று, பயந்து கலைந்துவிடுவது. மற்றொன்று, கோபத்தால் அறிவிழந்து பழிக்குப் பழி வாங்கப் புகுவது. இவ்விரண்டுக்கும் இடங்கொடாமல் மூன்றாவது வழியைப் பற்றிக்கொண்டதிலேதான் சுப்பையாவின் பெருமை விளங்குகிறது.

சட்டம் வந்த வழி

அந்தச் சமயம் பிரான்சில் லெயோன் புளூம் என்பவரின் தலைமையில் மக்கள் முன்னணி மந்திரிசபை ஏற்பட்டிருந்தது. அந்நாட்டுத் தொழிலாளிகளுக்கு 1936-ம் வருஷத்திலேயே வாரத்துக்கு நாற்பது மணி நேர வேலையும், சம்பளத்துடன் விடுமுறையும் சட்டமாயின. தன் நாட்டுத் தொழிலாளிக்கு ஒரு நீதியும், தன் ஆட்சியிலுள்ள புதுவைத் தொழிலாளிக்கு வேறு நீதியும் செய்வது தகுமா என்னும் கேள்விக்கு அந்த மந்திரிசபையால் எளிதில் பதில் சொல்ல முடியாது. சுப்பையா அக்கேள்வியைக் கேட்பதற்காகப் பாரிஸுக்கே பிரயாணமானார். உள்ளூர் அதிகாரியின் வாசலில் கிடைக்காத நியாயத்தை அதிகாரியின் மேலதிகாரியிடம் தேடினார்.

1937-ம் வருஷம் ஏப்ரல் மாதம் பிரெஞ்சு இந்தியாவுக்கென்று தொழிலாளர் சட்டம் பிறந்தது. எட்டு மணி நேர வேலையும் சங்கம் சேர்க்கும் உரிமையும் அதனால் உறுதிப்பட்டன. ஆசியாவிலேயே இதுதான் முதலாவது என்று புதுவையார் பெருமையோடு சொல்வதுண்டு. அத்தனை தூரம் போய் அளந்து பார்க்கவேண்டிய அவசியம் நமக்கில்லை. அண்டை நாட்டோடு ஒப்பிட்டால் போதும். ஆங்கில இந்தியாவின் 1934-ம் வருஷத்து ஆலைச் சட்டம், நாளொன்றுக்குப் பத்து மணியும் வாரத்துக்கு ஐம்பத்துநான்கு மணியும் வேலை வாங்க இடங்கொடுத்தது. வாரத்துக்கு நாற்பத்தெட்டு மணி என்னும் வரம்பு அங்கே 1946-ம் வருஷத் திருத்தத்தினால்தான் வந்தது. எல்லைக்கோட்டுக்கு அந்தப்புறத்தில் ஒன்பது வருஷம் கழித்து வந்த நன்மை, இந்தப்புறத்துத் தொழிலாளிக்கு முன்னதாகவே கிட்டியது. பன்னிரண்டு உயிர்களின் விலை அதில் அடங்கியிருக்கிறது.

இந்நன்மையைத் தேடியதற்காகச் சுப்பையா அடைந்த துன்பங்கள் பல. பிரெஞ்சு அதிகாரத்தாலும் ஆங்கில அதிகாரத்தாலும் அவர் சிறையும் ஊர்விலக்கமும் அனுபவித்தார். பிறந்த ஊருக்குள் காலடி வைக்கலாகாது என்ற உத்தரவுக்கும் ஆளானார். 1950-ம் வருஷத்தில் அவருடைய வீடு விரோதிகளால் தீக்கிரையாக்கப்பட்டது. பொதுக் காரியத்தில் இறங்குவோர்க்கு மாலையும் மேளமும் மட்டுமே வரும் என்று எண்ணுவோர் இதை நினைவில் வைத்தல் நலம்.

சபைகளும் தேர்தல்களும்

இனி, சட்டசபை விஷயத்துக்கு வருவோம். நமது புதுவைக்குத் தேர்தல் புதியதன்று. 1880-ம் வருஷத்திலேயே இங்கே கொம்யூன்கள் ஏற்பட்டன. இந்தச் சாரம் சேர்ந்துள்ள உழவர்கரையும் அவற்றுள் ஒன்று. மெத்தப் பழைய தேர்தல் முறைதான். ஆயினும் அது மெத்தப் பழுதுபட்டிருந்தது. ஐரோப்பியருக்கு ஒரு ஜாபிதாவும் இந்தியருக்கு வேறு ஜாபிதாவுமாக வாக்காளரைப் பிரித்து வைத்திருந்தார்கள். ஒரு கைப்பிடி ஐரோப்பியருக்கும் லட்சக்கணக்கான இந்தியருக்கும் ஸ்தானங்கள் பங்கிடப்பட்டன. அதன்மேல் அடியாட்களின் தடியும், கள்ள வாக்கும் தேர்தல் தினத்தில் கோலோச்சின. பெட்டியில் விழுந்த சீட்டைவிட, பெட்டியை வைத்திருந்தவரே பலசாலி.

இரட்டை ஜாபிதா முறை 1945-ல் ஒழிந்தது. 1946-ல் பெண்களுக்கும் வாக்குரிமையோடு நாற்பத்துநான்கு ஸ்தானங்கள் கொண்ட பிரதிநிதி சபை ஏற்பட்டபோது, சுப்பையா முன்னின்று நடத்திய தேசீய ஜனநாயக முன்னணி பெரும்பான்மை பெற்றது. 1947-ல் அவர் பாரிஸிலுள்ள மேல்சபைக்கும் அங்கத்தினரானார். பத்து வருஷங்களுக்குமுன் மனுவோடு எந்த நகரத்துக்குச் சென்றாரோ, அதே நகரத்துக்கு இப்போது ஆசனத்துக்கு உரியவராகச் சென்றார். இடைப்பட்ட காலத்தில் மாறியது அவருடைய கேள்வியன்று. கேட்பதற்கு அவர் பெற்ற ஸ்தானமே.

பிரெஞ்சு ஆட்சியினின்றும் விடுபட்டு இந்தியாவோடு சேரும் போராட்டம் 1954-ல் முடிவுக்கு வந்தது. அவ்வருஷம் அக்டோபர் 18-ந் தேதி கீழூரில் மக்கள் பிரதிநிதிகள் கூடி வாக்களித்தார்கள். வாக்களித்தவர் 178 பேர்; சேரவேண்டும் என்றவர் 170 பேர்; வேண்டாம் என்றவர் 8 பேர். நவம்பர் முதல் தேதி ஆட்சி இந்திய சர்க்கார் வசமாயிற்று. ஒப்பந்தம் சட்டப்படி முற்றுப்பெற்றது 1962-ம் வருஷம் ஆகஸ்டு 16-ந் தேதி. அதற்கடுத்த 1963 ஜூலை முதல் தேதி புதுவைக்குச் சட்டசபை என்னும் பெயரோடு சபை அமைந்தது.

கீழூர்க் கணக்கை நான் எடுத்துச் சொல்லுவதற்கு ஒரு காரணம் உண்டு. எதிராக வாக்களித்த எட்டுப் பேருடைய வாக்கும் எண்ணப்பட்டது; எழுதப்பட்டது. இன்றும் நாம் அதைச் சொல்லுகிறோம். நம் சங்கத்து மகாசபையில் எதிர்த்துப் பேசிய ஒருவர் இருந்தால், அவர் பேச்சு நடவடிக்கைப் புத்தகத்தில் ஏறுகிறதா? "ஏகமனதாக நிறைவேறிற்று" என்று எழுதிவிட்டு அவரைக் கைகழுவி விடுகிறோமா? யோசித்துப் பாருங்கள்.

புதுவை இந்தியாவோடு சேர்ந்தபின் நடந்த 1955-ம் வருஷத்துத் தேர்தலில் சுப்பையா பிரதிநிதி சபையில் புகுந்து எதிர்க்கட்சி வரிசையில் அமர்ந்தார். விடுதலைக்குப் பாடுபட்டவர், விடுதலை வந்ததும் அதிகாரத்தில் அமர்வார் என்றே எவரும் எதிர்பார்ப்பர். ஜனங்களுடைய வாக்கு வேறு விதமாக விழுந்தது. அவர் அதை ஏற்றுக்கொண்டு, எதிர்த் தரப்பில் இருந்து செய்யவேண்டிய வேலையைச் செய்தார். பின்னர் 1969-ல் ஏற்பட்ட கூட்டு மந்திரிசபையில் அவர் மந்திரியாகவும் இருந்தார். 1993-ம் வருஷம் அக்டோபர் 12-ந் தேதி காலமானார். புதுவையில் அவர் பெயரால் சாலை இருக்கிறது. நெல்லித்தோப்பில் சிலையும் இருக்கிறது.

நமக்குரிய பாடங்கள்

சிலைக்கு மாலையிட்டு வணங்கிவிட்டு வீடு திரும்புவது எளிது. அவர் வாழ்க்கையினின்று நம் சங்கத்துக்கு எதை எடுத்துக்கொள்ளலாம் என்பதே முக்கியம். நான்கு விஷயங்களைச் சொல்லி முடிக்கிறேன்.

முதலாவது, குறையை எழுத்தில் கொண்டுவருதல். டீக்கடையில் பேசும் குறை காற்றோடு போகும். விதை மட்டமாக வந்ததா? எந்தத் தேதியில் வந்தது, எத்தனை மூட்டை, முளைத்தது எத்தனை பங்கு என்று எழுதுங்கள். நிர்வாக சபைக்குக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்குங்கள். அங்கே பதில் இல்லையேல் மேலதிகாரிக்கு எழுதுங்கள். பாரிஸுக்குச் சென்ற மனிதரின் கையில் இருந்த பலம், கோரிக்கைகள் தெளிவாக வரிசைப்பட்டிருந்ததுதான்.

இரண்டாவது, தேர்தலைச் சுத்தமாக நடத்துதல். பழைய புதுவையில் தடியும் கள்ள வாக்கும் செய்த தீங்கைச் சொன்னேன். சங்கத் தேர்தலில் தடி இல்லாவிட்டாலும், ஊரில் இல்லாதவர் பெயரில் பங்கு, இறந்தவர் பெயரில் வாக்கு, தேர்தலுக்கு முதல்நாள் கடன் பட்டுவாடா ஆகியவை இல்லையென்று நெஞ்சில் கைவைத்துச் சொல்ல முடியுமா? அங்கத்தினர் ஜாபிதாவை வருஷத்துக்கொருமுறை சரிபார்த்து, இறந்தவர் பெயரை நீக்கி, வாரிசுதாரர் பெயரைச் சேர்த்து, சங்கக் கட்டிடத்தின் வாசலில் ஒட்டிவைத்தால் பாதி வியாதி தீரும்.

மூன்றாவது, சங்கம் ஒரு மனிதரைச் சார்ந்து நில்லாமை. சுப்பையா சிறையில் இருந்த காலங்களிலும் ஊர்விலக்கம் பெற்ற காலங்களிலும் தொழிலாளர் இயக்கம் அற்றுப்போகவில்லை. வேறு பலர் அதைத் தாங்கினார்கள். நம் சங்கங்களிலோ தலைவர் ஒருவர் நோயுற்றால் பேரேடு எங்கே இருக்கிறது என்றுகூடப் பிறருக்குத் தெரியாத நிலை காணப்படுகிறது. காரியதரிசிக்குத் தெரிந்த கணக்கு, நிர்வாக சபையில் மற்றும் இரண்டு பேருக்காவது தெரிந்திருக்கவேண்டும். வாலிபர்களையும் பெண்களையும் நிர்வாக சபையில் சேர்த்துப் பழக்கவேண்டும்.

நான்காவது, எல்லாவற்றிலும் கடினமானது. உரிமை வேறு, வியாபாரம் வேறு. எட்டு மணி நேர வேலையையும் சங்க உரிமையையும் பெற்றுத் தந்த அந்த ஆலைகள் பிற்காலத்தில் சர்க்கார் வசமாயின. ஆயினும் நஷ்டத்தின்மேல் நஷ்டம் வந்து 2020-ம் வருஷத்தில் மூடப்பட்டன. எந்தத் தொழிலாளி சட்டத்தைப் பெற உயிர்கொடுத்தானோ, அவனுடைய பேரனுக்கு அந்த ஆலையில் வேலை இல்லை. இதற்காக அன்று செய்த தியாகம் வீண் என்று சொல்வது பேதைமை. அச்சட்டம் அறுபது எண்பது வருஷம் பல்லாயிரம் குடும்பங்களில் விளக்கேற்றியது. ஆனால் உரிமையை மட்டும் காத்துக்கொண்டு இயந்திரத்தையும், சரக்கின் தரத்தையும், விற்பனையையும் காவாதுவிட்டால், உரிமையைச் செலுத்த இடமே இராமற்போகும் என்பதை அது நமக்குக் காட்டுகிறது. கூட்டுறவுச் சங்கத்தில் முதலாளியும் நாமே, தொழிலாளியும் நாமே. நஷ்டம் வந்தால் பழி சுமத்த வேறு ஆள் இல்லை. தணிக்கை அறிக்கை வந்தால் அதை உறையோடு அலமாரியில் வைத்துப் பூட்டாமல், மகாசபையில் உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். தவணை தவறிய கடன் எத்தனை, யாரிடம் எவ்வளவு, சென்ற வருஷத்தைவிடக் கூடியதா குறைந்ததா என்று கேளுங்கள். கேட்பது உங்கள் பாத்தியதை. பதில் சொல்வது நிர்வாகிகளின் கடமை.

அன்பர்களே, சட்டசபைக்கு அனுப்பிவிட்டோம், இனி அவர் பார்த்துக்கொள்வார் என்று ஐந்து வருஷம் உறங்குகிறோம். சங்கத் தலைவரைத் தேர்ந்துவிட்டோம், இனி அவர் பார்த்துக்கொள்வார் என்று அவ்வாறே உறங்குகிறோம். ஆட்டைக் காவலுக்கு விட்டுவிட்டுப் பயிர் மேய்ந்ததென்று வருந்துவதில் பயன் என்ன? சுப்பையாவைப் போன்ற ஒருவர் பாரிஸ் வரை சென்று பேச முடிந்தது, இங்கே ஆயிரக்கணக்கானவர்கள் விழித்திருந்தபடியால். அவர்கள் உறங்கியிருந்தால் அவர் பேச்சு கடற்கரைக் காற்றோடு போயிருக்கும்.

உங்கள் சங்கத்தின் அடுத்த மகாசபை கூடும்போது, சென்ற முறை வராத அங்கத்தினர் ஒருவரையாவது ஒவ்வொருவரும் கையோடு அழைத்து வாருங்கள். கணக்கைப் படிக்கும்போது கவனித்துக் கேளுங்கள். ஒரு கேள்வியாவது கேளுங்கள். அதுவே அப்பெரியாருக்கும், அவரோடு நின்று மாண்ட பன்னிரண்டு பேருக்கும் நாம் செய்யத்தக்க மரியாதை.